அண்ணி பேசாமல் வந்த நாள்

எங்கள் வீட்டில் வண்டி ஓட்ட மூன்று பேர் வேண்டும். அண்ணன் ஸ்டியரிங் பிடிப்பார். அண்ணி பக்கத்தில் உட்கார்ந்து ரோட்டைச் சொல்லிக்கொண்டு வருவாள். நான் பின்னால் முட்டை அட்டைகளை மடியில் அடுக்கிக்கொண்டு, பள்ளம் வரும்போதெல்லாம் முட்டையிட்ட கோழியைவிடப் பதறி அவற்றை அணைத்துக்கொள்வேன். இப்படியே நாங்கள் இரண்டு வருஷம் டவுனுக்கும் வீட்டுக்குமாகப் போய் வந்தோம் என்றால் கேட்பவர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். ஒரு முட்டை உடைந்ததில்லை, அந்த ஒரு நாளைத் தவிர.

அண்ணன் லாரி ஓட்டியவர். அவருக்குச் சொந்தமாக ஒரு பெயர் இருப்பதே ஊரில் பலருக்கு மறந்துவிட்டது; டிரைவர் என்றால் அவர்தான். லாரியை விட்டதும் ஒரு பழைய வேன் வாங்கினார், அண்ணி கோழி வளர்க்க ஆரம்பித்தாள். நான் அதற்கெல்லாம் முன்பே அந்த வீட்டுக்கு வந்தவள். கல்யாணமான மறுவருஷமே புருஷனைப் பறிகொடுத்துவிட்டு, கையில் ஒரு பெட்டியோடு வந்து வாசலில் நின்றேன். கொஞ்ச நாள் இருக்கட்டும் என்று சொந்தக்காரர் யாரோ பெரிய மனதோடு சொன்னார். அண்ணி உள்ளே போய்ப் பரணிலிருந்து ஒரு தட்டை இறக்கிக் கழுவி வைத்தாள். அந்தக் கொஞ்ச நாள் இன்னும் முடியவில்லை. எனக்கு அறுபதைத் தாண்டியாகிவிட்டது, ஆனாலும் வீட்டிலும் தெருவிலும் நான் பாப்பாதான். அண்ணன் அப்படிக் கூப்பிடுவதால் வந்த வினை.

எங்கள் ஊரில் இப்போது அறுபது வயதுக்காரர்தான் இளவட்டம். பிள்ளைகள் வேலை தேடிப் போனார்கள். படிக்கப் பிள்ளை இல்லை என்று பள்ளிக்கூடத்தைப் பூட்டினார்கள். ஏற ஆள் இல்லை என்று பஸ்ஸை நிறுத்தினார்கள். மிச்சம் இருந்தது எங்கள் வேன். வாரத்தில் இரண்டு நாள் முட்டை டவுனுக்குப் போகும், முட்டையோடு யாராவது தொற்றிக்கொள்வார்கள். எங்கள் வண்டியில் ஏறாத முட்டிவலி இந்த ஊரில் கிடையாது. தையல்காரர் சர்க்கரை மாத்திரை வாங்க வருவார். பழைய தபால்காரர் பல்செட் கட்டிக்கொள்ள வருவார், கட்டியது பொருந்தவில்லை என்று அடுத்த வாரமும் வருவார்.

அண்ணனுக்குக் கண் ஒரே நாளில் கெடவில்லை. பார்க்கிற இடத்தின் நடுவில் புகை படிந்த மாதிரி இருக்கிறது, ஓரம் மட்டும் தெரிகிறது என்றார். டாக்டர் பார்த்துவிட்டு, வயதானால் சிலருக்கு இப்படி வரும், இனிமேல் அதிகமாகாமல் வேண்டுமானால் பார்த்துக்கொள்ளலாம், போனது போனதுதான் என்று சொன்னார். வண்டி ஓட்டக் கூடாது என்றும் சொன்னார். அதை நாங்கள் மூன்று பேரும் நன்றாகக் கேட்டோம். கேட்டுவிட்டு வெளியே வந்து மூன்று பேரும் வண்டியில் ஏறினோம், அண்ணன் சாவியைப் போட்டார். வேறு எப்படி வீட்டுக்குப் போவதாம். அன்றைக்குத்தான் அண்ணி முதல்முதலாக ரோட்டைச் சொல்ல ஆரம்பித்தாள்.

ரோடு அண்ணனுக்கு மனப்பாடம். எந்த வளைவில் எந்தக் கியர் என்பதைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். ஆகவே நேற்று இல்லாமல் இன்று இருப்பதை மட்டும் அண்ணி சொன்னால் போதும். நாய் படுத்திருக்கிறது, கிளை விழுந்திருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் அண்ணிக்குச் சுருக்கமாகப் பேச வராது.

"எதிர்ல ஒரு சைக்கிள் வருது. நம்ம தையக்காரர் மருமகன்தான். ஆளு இளைச்சுட்டான், பாவம். கொஞ்சம் எடது பக்கம் ஒதுங்குங்க. சட்டை புதுசு."

இந்த வரிசையில்தான் வரும். அண்ணன் நிதானமாக ஒதுங்கிவிட்டு, சட்டை என்ன கலர் என்று கேட்பார்.

தப்புதான். ஆளில்லாத ரோடு, நடக்கிறவனே முந்திப்போகிற வேகம் என்று நாங்கள் சமாதானம் சொல்லிக்கொண்டோம். சொல்லிக்கொள்கிறவனுக்குச் சாக்குக்கா பஞ்சம். டவுனில் இன்சூரன்ஸ் ஆபீசில் இருக்கிற அண்ணன் மகனிடம் மட்டும் மூச்சு விடவில்லை. தெரிந்தால் தாம்தூம் என்று குதிப்பான், குதிப்பதில் நியாயமும் இருக்கும்.

சண்டை ஓர் அடைக்கோழியால் வந்தது. அடை வைக்கிற முட்டைகளில் அண்ணி கரித்துண்டால் ஒரு கோடு போட்டு வைப்பாள், விற்கிற முட்டையோடு கலந்துவிடக் கூடாதென்று. கோழி இரை தின்ன இறங்கியிருந்த நேரத்தில் அண்ணன் கூட்டுக்குள் கையை விட்டுத் தடவி, அத்தனை முட்டையையும் எடுத்து விற்கிற அட்டையில் அடுக்கிவிட்டார். கரிக்கோடு கண்ணுக்குத்தானே தெரியும், கைக்குத் தெரியுமா. பேக்கரிக்காரம்மா கேக் மாவில் ஊற்ற ஒரு முட்டையை உடைத்தபோது, உள்ளே இருந்தது இன்னும் சில நாளில் கீச்சென்று கத்தியிருக்கும். அவள் நல்லவள், போன் போட்டு மெதுவாகத்தான் சொன்னாள். அண்ணிக்கு மானம் கப்பலேறிவிட்டது.

அண்ணி அன்று ஒரு வார்த்தையைக் கொட்டினாள். கண்ணுதான் அவிந்தது என்றால் புத்தியுமா அவியும் என்று கேட்டுவிட்டாள். அண்ணன் சோற்றுத் தட்டைத் தள்ளி வைத்தார். அவர் சத்தம் போடுகிறவர் இல்லை.

"நாளைக்கு நீ வாயத் திறக்காம வந்தாலே போதும். ரோடு எனக்கு மனப்பாடம்."

"சரி" என்றாள் அண்ணி. அண்ணி ஒரே வார்த்தையில் பேச்சை முடித்தால் எங்கள் வீட்டில் பூனைகூட வெளியே போய்விடும்.

மறுநாள் காலையில் கிளம்பினோம். அன்றைக்கென்று எங்களோடு யாரும் தொற்றிக்கொள்ளவில்லை. என் மடியில் அட்டைகள் தாடை வரைக்கும் ஏறியிருந்ததால் முன்னால் என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரியாது, காதால்தான் பயணம். காதிலும் ஒன்றும் விழவில்லை. சொல்லப்போனால் முதலில் நிம்மதியாகக்கூட இருந்தது. கடந்துபோகிற ஒவ்வொருவனுடைய குடும்ப விவகாரத்தையும் கேட்டு வந்த காதுக்கு ஒரு நாள் லீவு. மதகுப் பக்கம் திரும்புகிற வளைவு வந்தது. அண்ணன் சரியாகக் கியரைக் குறைத்தார், சரியாகத் திருப்பினார், சரியாக மணல் குவியலில் கொண்டுபோய் ஏற்றினார்.

ரோடு ரிப்பேர் செய்கிறவர்கள் முந்தின நாள் சாயங்காலம் கொட்டிவிட்டுப் போன மணல் அது. பாதி ரோட்டை அடைத்துக் கிடந்தது. வண்டி அதில் மூக்கை நுழைத்துக்கொண்டு நின்றுவிட்டது. முட்டைகள் நிற்கவில்லை. தலை, கழுத்து, ரவிக்கைக்குள் எல்லாம் மஞ்சளும் வெள்ளையுமாக நான் உட்கார்ந்திருந்தேன். யாருக்கும் ஒரு கீறல்கூட இல்லை. கொஞ்ச நேரம் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"ஏதாவது இருந்தா நீ சொல்லிடுவேன்னு நெனச்சேன்" என்றார் அண்ணன்.

"சொல்லத்தான் வாயெடுத்தேன். நீங்களே கேட்டா சொல்லலாமேன்னு ஒரு கணம் பாத்தேன்" என்றாள் அண்ணி.

இப்படியும் ஒரு விபத்து உலகத்தில் நடக்குமா என்று கேட்டால், ஐம்பது வருஷம் சேர்ந்து வாழ்ந்த புருஷன் பெண்டாட்டிக்கு மட்டும் நடக்கும். வேறு எவனாவது ஓட்டியிருந்தால் அவனே நிறுத்திக் கேட்டிருப்பான். வேறு எவளாவது பக்கத்தில் இருந்திருந்தால் ஐயோ என்று அலறியிருப்பாள். இவர்கள் இரண்டு பேரும் ஒருவர் மேல் ஒருவர் வைத்த நம்பிக்கையில் நேராக மணலுக்குள் போனார்கள்.

பாப்பா என்ன ஆனாள் என்று அண்ணன் கேட்டார். இருக்கிறேன், கொஞ்சம் வெங்காயம் போட்டால் ஆம்லெட் என்றேன். அண்ணி சிரிக்க ஆரம்பித்து அழுகையில் முடித்தாள். முந்தானையால் முதலில் அண்ணன் முகத்தைத் துடைத்தாள், அதில் முட்டையே இல்லை. அப்புறம்தான் நான் ஞாபகத்துக்கு வந்தேன்.

டிராக்டர் கட்டி இழுத்த வண்டி வீடு வந்து சேருவதற்குள் செய்தி டவுன் போய்ச் சேர்ந்துவிட்டது. அன்று சாயங்காலமே அண்ணன் மகன் வந்தான். நான் தூக்கி வளர்த்தவன், முன்தலை வழுக்கையாகிவிட்டது, கோபம் வந்தால் இன்னும் காது மடல் சிவக்கும். நன்றாகக் கத்தினான். நாங்கள் மூன்று பேரும் பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்து வாங்கிக்கொண்டோம். எல்லாம் கத்தி முடித்துவிட்டுத் தண்ணீர் குடித்தான். அப்புறம் மெதுவாகச் சொன்னதுதான் எங்களை அடித்தது.

"மணலா இருந்ததால தப்பிச்சீங்க. அந்த இடத்துல ஒரு குழந்தை நின்னிருந்தா என்னப்பா பண்ணியிருப்பீங்க?"

அண்ணன் எழுந்தார். சுவரைத் தடவி, ஆணியில் தொங்கிய வண்டிச் சாவியை எடுத்து மகன் கையில் வைத்தார். கொடுத்த பிறகும் அந்தக் கை கொஞ்ச நேரம் நீட்டியபடியே இருந்தது. அண்ணி அதைப் பிடித்து இறக்கிவிட்டாள்.

பிறகு மகன் கணக்காகப் பேசினான். வண்டி இல்லாமல் கோழி இல்லை, கோழி இல்லாமல் இந்த வீட்டில் என்ன வேலை. மருந்து வாங்கப் போவதற்கு வழி இல்லாத ஊரில் உங்களை விட்டுவிட்டு எனக்குத் தூக்கம் வராது. மழைக்காலம் தொடங்குவதற்குள் கோழிகளை விற்றுவிட்டு டவுனுக்கு வந்துவிடுங்கள், மூன்றாவது மாடிதான், லிஃப்ட் இருக்கிறது, ஒரு அறையை ஒழித்துத் தருகிறேன் என்றான். சொன்னதெல்லாம் பாசத்தில்தான். கடைசியாக என் பக்கம் திரும்பி, ஆனால் என் முகத்தைப் பார்க்காமல், ஒன்று சொன்னான்.

"பாப்பா அத்தைக்கும் ஏதாவது ஏற்பாடு பண்ணிடலாம்."

ஏற்பாடு என்பது கல்யாணத்துக்குச் செய்வது, இல்லாவிட்டால் சாவுக்குச் செய்வது. நடுவில் உயிரோடு உட்கார்ந்திருக்கிறவளுக்கு என்ன ஏற்பாடு. அவனைச் சொல்லிக் குற்றமில்லை. அவன் வீட்டை நான் பார்த்திருக்கிறேன். ஹாலில் பிள்ளைகள் படிக்கும் மேசை, ஓர் அறையில் அவனும் மருமகளும், இன்னோர் அறையில் பிள்ளைகள், அதைத்தான் ஒழித்துத் தருகிறான். சமையலறையில் ஒருவர் திரும்பினால் இன்னொருவர் வெளியே வந்துவிட வேண்டும். மருமகள் தங்கமானவள். தங்கத்தைக் கொண்டு சுவரைத் தள்ளி வைக்க முடியாது.

வண்டி ஓட்ட ஆளிருந்தால் என்ன சொல்வாய் என்று அண்ணி கேட்டாள். லைசென்ஸோடு ஒருவர் இந்த வீட்டில் இருந்தால் நான் வாயே திறக்க மாட்டேன் என்றான், யாரும் இல்லை என்ற தைரியத்தில். அண்ணிக்கு இடது முட்டி மடங்காது, கிளட்ச்சை மிதிக்க முடியாது. சம்பளத்துக்கு வைக்கலாம் என்றால் ஊரில் வாலிபன் கிடையாது.

"நான் ஓட்டறேன்" என்று ஒரு குரல் கேட்டது. அது என் குரல்தானா என்று எனக்கே சந்தேகமாக இருந்தது.

அவன் சிரித்துவிட்டான். அத்தை, நீங்கள் சைக்கிள்கூட ஓட்டினதில்லையே என்றான். அதனால்தான் சைக்கிளிலிருந்து விழுந்ததும் இல்லை என்றேன். அண்ணன் ஒருவர்தான் சிரிக்கவில்லை. சத்தம் வந்த பக்கமாகத் தலையைச் சாய்த்து, ஓரக்கண்ணால் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். மகன் போகும்போது சாவியை எடுத்துக்கொண்டே போனான். அது இங்கே இருந்தால் அப்பாவுக்குக் கை அரிக்கும் என்று சொன்னான்.

டவுனிலிருந்து டிரைவிங் ஸ்கூல் பெண் ஒருத்தி தன் காரை எடுத்துக்கொண்டு வந்தாள். பூட்டிய பள்ளிக்கூடத்து மைதானத்தில் பாடம். என் பெயரைக் கேட்டாள், அதற்குள் மதில்மேல் உட்கார்ந்திருந்த தையல்காரர் பாப்பா என்று எடுத்துக்கொடுத்தார். அந்தப் பெண் சிரித்து முடிக்கவே பாதிப் பாடம் போய்விட்டது. நான் கிளட்ச்சை விட்டால் வண்டி தவளை மாதிரி தாவும், பிரேக்கை மிதித்தால் கும்பிடு போடும். வேடிக்கை பார்க்க ஊரே ஸ்டூல் போட்டு உட்கார்ந்துவிட்டது. சிரித்த சிரிப்பில் தபால்காரரின் பல்செட் மண்ணில் விழுந்தது. நல்லா வேணும் என்று நினைத்துக்கொண்டேன். ஆனால் நான் முதல்முறையாக மைதானத்தை நிற்காமல் ஒரு சுற்று வந்தபோது முதலில் கை தட்டியதும் அவர்தான், பல்லைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு.

ஒருநாள் அண்ணன் மைதானத்தில் நடந்து போய்க்கொண்டிருந்தபோது யாரோ அவரை, "என்ன டிரைவரே" என்று வழக்கம்போல் கூப்பிட்டார்கள். அண்ணன் அப்படியே வீட்டுக்குத் திரும்பிவிட்டார். கோழிக்கூண்டுக்குள் போய் வெகு நேரம் இருந்தார். அந்தச் சாயங்காலம் கோழிகளை அடைத்துவிட்டு வந்து பார்த்தால், வாசலில் நின்ற வேனுக்குள் அவர் உட்கார்ந்திருந்தார், ஸ்டியரிங் பக்கம் இல்லை, அண்ணி வழக்கமாக உட்காரும் பக்கம். வந்து உட்கார் என்றார். சாவி இல்லையே என்றேன்.

"சாவி எதுக்கு. ரோடு என்கிட்ட இருக்கு."

அண்ணி பின்சீட்டில் ஏறிக்கொண்டாள். அண்ணன் கண்ணை மூடிக்கொண்டு வாசலிலிருந்து ரோட்டைச் சொல்ல ஆரம்பித்தார். கேட்டைத் தாண்டியதும் இடது பக்கம் மண் சரியும், சக்கரத்தை நடுவில் வை. கிணற்று மேட்டில் இரண்டாவது கியர், ஏறி முடிக்கிற வரை மாற்றாதே, பாதியில் மாற்றினால் வண்டி அழும். நான் அசையாத வண்டியில் ஸ்டியரிங்கை மட்டும் திருப்பிக்கொண்டிருந்தேன். பின்னாலிருந்து அண்ணி, இல்லாத ரோட்டில் இருக்கிற எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டு வந்தாள். இதோ நாய், இதோ தையல்காரர் மருமகன், இதோ ஒரு மாடு, மாடு நகர மாட்டேன் என்கிறது. மாடு நகருகிற வரைக்கும் நாங்கள் மூன்று பேரும் நிஜமாகவே காத்திருந்தோம். பேக்கரி வாசலில் நிறுத்தி, முட்டையை இறக்கிவிட்டு, வெளிச்சம் போவதற்குள் வீடு திரும்பினோம். வண்டி ஓர் அங்குலம் நகரவில்லை. தெருவில் போனவர்கள் எட்டிப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்காமல் போனார்கள். வயதானவர்கள் நிறைந்த ஊரில் இது ஒரு வசதி, யாருக்கு எது வந்தாலும் யாரும் ஆச்சரியப்படுவதில்லை.

தினமும் சாயங்காலம் இப்படி டவுனுக்குப் போய் வந்தோம். ஒவ்வொரு நாளும் ஏதாவது ஓரிடத்தில் நான் வண்டியை மதகில் விட்டேன் என்று அண்ணன் தீர்ப்புச் சொல்வார். மழை மேகம் வேறு கூட ஆரம்பித்திருந்தது. ஒரு நாள் மூன்று தடவை மதகில் விட்டபின், என்னால் முடியாது என்று இறங்கி அடுப்படிக்குப் போய்விட்டேன். அண்ணி பின்னாலேயே வந்தாள். அவள் ஆறுதல் சொல்கிற ஜாதி இல்லை. அலமாரியிலிருந்து என் தட்டை எடுத்து என் முன்னால் வைத்தாள்.

"அன்னிக்குப் பரண்லருந்து இதை எறக்கினேன். மறுபடியும் பரண்ல ஏத்தறதுக்கா எறக்கினேன்? லைசென்ஸ் வந்தாலும் சரி, வராட்டியும் சரி, நீ இல்லாத வீட்டுக்கு நான் போக மாட்டேன். அதனால பயந்துக்கிட்டு ஓட்டாத, பாத்து ஓட்டு."

இத்தனை வருஷத்தில் அண்ணி என்னிடம் பாசமாக ஒரு வார்த்தை பேசியது அதுதான். அதுவும் திட்டுகிற தோரணையில். எனக்கு அழுகை வந்தது. அவள் பார்க்காத மாதிரி வெங்காயத்தை எடுத்து என் முன்னால் போட்டாள், அழுவதற்கு ஒரு காரணமாகட்டும் என்று.

டெஸ்ட் நாளன்று டிரைவிங் ஸ்கூல் பெண்ணே தன் காரில் எங்களைக் கூட்டிப் போனாள். அண்ணனும் அண்ணியும் மரத்தடி பெஞ்சில் உட்கார்ந்தார்கள். சோதிக்கிற அதிகாரி கஷாயம் குடித்த முகத்தோடு என் பக்கத்தில் ஏறினார். போகலாம் என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னார். அப்புறம் பேச்சே இல்லை. அவர் கையில் பேனா மட்டும் இருந்தது.

வண்டிக்குள் அப்படி ஒரு மௌனத்தை நான் ஒரே ஒரு தடவைதான் கேட்டிருந்தேன். அது மணலில் போய் முடிந்தது. எப்போது வாயைத் திறந்தேன் என்று தெரியாது. ஒரு ஸ்கூட்டர் வருது, பின்னால மூட்டை கட்டியிருக்கான், மூட்டை சாயுது, தள்ளியே போறேன். வெள்ளைக் கோட்டுக்கு முன்னாலயே நிறுத்தறேன், ஒரு அம்மா குறுக்க வர்றாங்க, கையில முருங்கைக்காய். அந்த அம்மா போயாச்சு, ரெண்டாவது கியர். இப்படியே சொல்லிக்கொண்டு ஓட்டினேன்.

"யார்கிட்ட பேசறீங்க?" என்றார் அதிகாரி.

"எங்கண்ணன்கிட்ட."

அவர் திரும்பிப் பின்சீட்டைப் பார்த்தார். பின்சீட்டில் யாரும் இல்லை. அண்ணன் மரத்தடியில் இருக்கிறார், அவருக்குக் கண் தெரியாது, எங்கள் வீட்டில் யார் வண்டி ஓட்டினாலும் ரோட்டை அவருக்குச் சொல்லித்தான் பழக்கம் என்றேன். சொல்லி முடித்ததும்தான், லைசென்ஸ் போயிற்று, பைத்தியம் என்று எழுதப் போகிறார் என்று உறைத்தது. அவர் முன்பக்கம் திரும்பி உட்கார்ந்தார். அப்புறம், சொல்லிக்கொண்டே ஓட்டுங்கள் என்றார். பின்பக்கமாக நிறுத்துகிறபோது ஒரு கம்பத்தை லேசாக உரசினேன், உரசிட்டேன் அண்ணா என்று அதையும் சொன்னேன். இறங்கும்போது அவர் முகத்தில் கஷாயம் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"மத்தவங்க ரோட்டைப் பாத்தாங்களா இல்லையான்னு நான்தான் யூகிக்கணும். உங்ககிட்ட அந்தக் கஷ்டமே இல்லம்மா."

பாஸ் என்று டிரைவிங் ஸ்கூல் பெண் ஓடிப்போய்ச் சொன்னதும் அண்ணி பெஞ்சிலிருந்து எழுந்தாள். மடங்காத முட்டியை இழுத்துக்கொண்டு வந்து என் தலையில் ஒரு குட்டு வைத்தாள். கம்பத்தை எதற்கு உரசினாய் என்று கேட்டாள்.

அண்ணன் மகன் அடுத்த ஞாயிற்றுக்கிழமை சாவியோடு வந்தான். எந்தக் காலத்திலும் சொன்ன சொல் மாறாத பிள்ளை. வண்டியை ஒர்க்‌ஷாப் ஆளை வைத்துப் பார்த்துச் சரிசெய்து கொடுத்தான், பின்சீட்டுக்கு இரண்டு பெல்ட் போடச் சொன்னான். எல்லாம் முடிந்து தனியாக என்னிடம் வந்து நின்றான்.

"அத்தை, உங்களை எங்கயோ அனுப்பணும்னு நான் நெனக்கவே இல்ல."

"அப்புறம் எதுக்குடா ஏற்பாடுன்னு சொன்ன?"

காது மடல் சிவந்தது. "எங்க வீட்ல எடம் இல்லைங்கறதுக்கு எனக்கு வேற வார்த்தை வரல" என்றான். அவன் கன்னத்தைக் கிள்ளினேன். கிள்ளுவதற்கு இப்போது நிறையச் சதை இருக்கிறது. என் கோபம் அத்தோடு போயிற்று.

முதல் மழை பெய்து ஓய்ந்த ஒரு காலையில் முட்டை ஏற்றிக்கொண்டு கிளம்பினோம். நான் ஸ்டியரிங்கில். என் பக்கத்து சீட்டில் முட்டை அட்டைகளைக் கட்டி வைத்தோம், இன்னும் கொஞ்சம் அட்டைகள் பின்னால் அவர்கள் மடியில். ஊரில் எனக்குச் சின்ன டிரைவர் என்று பெயர் வைத்துவிட்டார்கள். அப்படியென்றால் பெரிய டிரைவர் என்று ஒருவர் இருக்கிறார் என்றுதானே அர்த்தம். அண்ணன் அன்று சட்டை மாற்றித் தலை சீவிக்கொண்டு வந்திருந்தார். ஏறும்போது ஜன்னல் பக்கம் தனக்கு வேண்டும் என்றார். அண்ணியின் நாக்கு எப்போதும்போல் முந்திக்கொண்டது.

"உங்களுக்கு எதுக்கு ஜன்னல்?"

சொன்ன மறுகணமே அவள் முகம் விழுந்துவிட்டது. அண்ணன் ஏறி ஜன்னல் பக்கம் உட்கார்ந்தார், அண்ணி அவரை ஒட்டி நடுவில் உட்கார்ந்தாள். மன்னிப்புக் கேட்கிற வழக்கமெல்லாம் எங்கள் வீட்டில் கிடையாது. வண்டியை எடுத்தேன். கேட் தாண்டியது, கிணற்று மேடு ஏறி இறங்கியது. பின்சீட்டில் மூச்சு விடுகிற சத்தம்கூட இல்லை. கண்ணாடியில் பார்த்தேன். அண்ணன் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பி, காற்றை மட்டும் வாங்கிக்கொண்டிருந்தார். வண்டி தன் வழியில் போகிறது, அவருக்கு அதில் ஒரு வேலையும் இல்லை. மருந்துக்குக்கூட ஒருத்தர் அவரிடம் ரோட்டைச் சொல்லவில்லை. சாவியைக் கொடுத்த அன்றுகூட அவர் இவ்வளவு கிழவராகத் தெரியவில்லை. எனக்குத் தாங்கவில்லை.

மதகு வளைவு வந்தது. மணல் போய், அங்கே புதிதாகக் கைப்பிடிச் சுவர் கட்டியிருந்தார்கள். நான் வாயைத் திறந்தேன்.

"அண்ணா, மதகுக்குச் சுவர் வச்சிருக்காங்க. நீலப் பெயிண்ட்."

"நீலமா அது" என்றாள் அண்ணி.

நான் திருத்திக்கொள்ளாமல் ஓட்டினேன்.

"நீலமாம் நீலம். பச்சைங்க. நல்ல எலைப் பச்சை. இவளுக்கு ரோட்டைச் சொல்லத் தெரியுதா பாருங்க. சுவத்துமேல ரெண்டு கொக்கு உக்காந்திருக்கு, அதைச் சொன்னாளா. மதகு நெறையத் தண்ணி போகுது. அந்தப் பக்கம் வரப்புல யாரோ குடை பிடிச்சிட்டு..." நடுவில் உட்கார்ந்திருந்ததால் அவளுக்குச் சரியாகத் தெரியவில்லை. மடியில் முட்டை அட்டையோடு அண்ணன்மேல் சாய்ந்து, ஜன்னலுக்கு வெளியே கழுத்தை நீட்டினாள்.

"பாப்பா, வண்டிய நிறுத்தும்மா" என்றார் அண்ணன்.

ஓரமாக நிறுத்தினேன். அவர் பெல்ட்டைக் கழற்றினார், மடியில் இருந்த அட்டையை அண்ணியிடம் கொடுத்தார், கதவைத் தடவித் திறந்து ஈர ரோட்டில் இறங்கி நின்றார்.

"நீ ஜன்னல் பக்கம் உக்காரு. நீ பாத்தாத்தான் எனக்குத் தெரியும்."

அண்ணி நகர்ந்து உட்கார்ந்தாள். அண்ணன் சுற்றிக்கொண்டு வந்து அந்தப் பக்கம் ஏறினார். நான் என் மூக்குக்கண்ணாடியைத் துடைக்கிற மாதிரி என் கண்ணைத் துடைத்துக்கொண்டு வண்டியை எடுத்தேன். குடை பிடித்தது தபால்காரராம், வாயை மூடியே நடக்கிறாராம், இந்தப் பல்லும் பொருந்தவில்லை போலிருக்கிறது என்று அண்ணி ஆரம்பித்தாள். குடை என்ன கலர் என்று அண்ணன் கேட்டார். நேர் ரோடு, மூன்றாவது கியர் தாராளமாகப் போடலாம். அண்ணி எல்லாவற்றையும் சொல்லி முடிக்க நேரம் வேண்டுமே என்று நான் இரண்டாவதிலேயே ஓட்டினேன்.